ராமாத்தாள் சொன்ன பெயர்

மலையாளச் சீமைச் சித்தூருக்குக் கிழக்கே, தமிழ்நாட்டு எல்லையை ஒட்டி நாலு ஏக்கர் நெல்வயலும் கொஞ்சம் தென்னையும் வைத்திருந்தவள் ராமாத்தாள். பத்திரத்தில் அவள் புருஷன் ஆறுச்சாமியின் பெயர்தான் இருக்கும், பாடுபட்டது அவள். கல்யாணமாகிப் பதினெட்டு வருஷத்தில் ஒருநாளும் அவள் அந்தப் பெயரைச் சொன்னதில்லை. சொன்னால் அவர் ஆயுசு குறையும் என்று ஆத்தாள் சொல்லி அனுப்பியிருந்தாள். நாற்றுக்கட்டு எண்ணும்போதுகூட, "அஞ்சு, அதுக்கு மேல ஒண்ணு, ஏழு" என்றுதான் எண்ணுவாள். கூட நடுகிற பெண்கள் சிரிப்பார்கள். சிரித்தவர்களில் எத்தனை பேர் தங்கள் புருஷன் பெயரைச் சொல்லிவிடுவார்களாம்?

அவளுக்கு இன்னொரு வேலையும் இருந்தது. கடவு வாரியத்தின் மடைக்காரி. மின்சாரத்துக்கு ஒரு வாரியம் இருக்கிற மாதிரி, லோகம் விட்டு லோகம் போய்வருகிறவர்களுக்கு இந்த வாரியம். நம் ஊரைப் போலவே ஊரும் நம் ஆட்களைப் போலவே ஆட்களும் இருந்து, வாழ்க்கை மட்டும் வேறாகப் போன லோகங்கள் உண்டு. யார் எங்கே போகலாம், எவ்வளவு நேரம் இருக்கலாம் என்று சீட்டுக் கொடுப்பது வாரியம். ராமாத்தாளின் வாய்க்கால் மடையில் பலகையைத் தூக்கினால் வழி திறக்கும், இறக்கினால் அடையும். முறை வைத்துத் தண்ணீர் பாய்ச்சத் தெரிந்தவர்களைத்தான் வாரியம் எடுக்கும். கண்டிப்பான சட்டம் ஒன்று: வந்தவர் பொழுது சாய்வதற்குள் திரும்பிவிட வேண்டும். ஒரு தலை கூடினாலும் குறைந்தாலும் இரண்டு லோகமும் தாங்காது. அதைச் சொல்லும்போது அதிகாரிகளே குரலைத் தாழ்த்திக்கொள்வார்கள்.

1973 பங்குனியில் ஒரு நடுப்பகல். 'ஒரு பெண், உறவு காண' என்று சீட்டு வந்திருந்தது. ராமாத்தாள் பலகையைத் தூக்கினாள். வாய்க்காலில் இருந்து ஏறி வந்தவளைப் பார்த்ததும் அவள் இரண்டடி பின்வாங்கினாள். வந்தவளும் ராமாத்தாள்தான். அதே நெற்றித் தழும்பு, அதே மூக்குத்தி, கழுத்தில் அதே தாலிக்கொடி.

பயமாக இருந்தாலும், வெயிலில் வந்தவளுக்குச் செம்பில் தண்ணீர் நீட்டாமல் இருக்க முடியுமா? நீட்டினாள். வந்தவள் கைகால் முகம் கழுவினாள். மணிக்கட்டில் வாரியம் குத்தி அனுப்பிய நீல முத்திரை கரைந்து மண்ணோடு போயிற்று. அதை நனைக்கக் கூடாது என்று சட்டப் புத்தகத்தில் இருக்கிறது, மலையாளத்தில். ராமாத்தாளுக்கு மலையாளம் பேச வரும், படிக்க வராது.

தோட்டத்து வீடான சாளைக்குள் உட்கார்ந்ததும் வந்தவள் தன் கதையைச் சொன்னாள். "எங்கூட்டுக்காரரு ஏலத்தோட்ட வேலைக்குன்னு உடும்பஞ்சோலை போனாரு அம்மிணி. அங்கயே ஒருத்தியச் சேத்துக்கிட்டாரு. சீவனாம்சத்துக்குக் கோர்ட்டு ஏறி எறங்கி நாலு வருசமாச்சு." சொல்லும்போதே அவள் கண் கொடியில் காய்ந்த ஆறுச்சாமியின் சட்டை மேல் இருந்தது. அந்தப் பார்வை ராமாத்தாளுக்குப் பிடிக்கவில்லை.

"உம்பட ஊட்டுக்காரரு எங்க?"

"தேங்கா விக்கப் போயிருக்காரு. பொழுது எறங்கித்தான் வருவாரு." சொல்லியிருக்கக் கூடாது. சொல்லிவிட்டாள்.

நாலு மணிக்குத் தலை எண்ண வாரிய அதிகாரி சாம்பசிவன் வந்தார். கல்பாத்தி அக்ரகாரத்துக்காரர், அந்த வாரம்தான் மாற்றலாகி வந்தவர். ராமாத்தாளை முன்னே பின்னே பார்த்ததில்லை. "திரும்பிப் போகவேண்டியது யாரு?" என்று கேட்டார்.

"இவதானுங்க" என்றாள் ராமாத்தாள்.

"இவதானுங்க" என்றாள் மற்றவளும், அதே குரலில், அவளை நோக்கி விரலை நீட்டி.

சாம்பசிவன் இருவர் மணிக்கட்டையும் புரட்டிப் பார்த்தார், இரண்டிலும் ஒன்றுமில்லை. உப்புத்தாழி எங்கே, தென்னை எத்தனை என்று கேட்டார். இருவரும் ஒன்றுபோல் சொன்னார்கள். அந்த லோகத்து வீடும் இதே வீடுதானே.

"அவரு வந்துரட்டுங்க சாமி, அவருக்குத் தெரியும்" என்று ராமாத்தாள் கெஞ்சினாள்.

"புருஷன் சாட்சி வாரியத்துல செல்லாதும்மா. சில பேர் வேணும்னே மாத்திச் சொல்லிடறா." சூரியன் பனை உயரத்துக்கு இறங்கியிருந்தது. அவர் நெற்றியைத் துடைத்துக்கொண்டு கேட்டார்: "ஆத்துக்காரர் பேர் என்ன?"

"ஆறுச்சாமிங்க" என்றாள் மற்றவள், யோசிக்காமல்.

ராமாத்தாளுக்கு நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. சாம்பசிவன் பேனாவின் மூடியைக் கழற்றினார். பதில் சொல்லாததால் தன்னைத்தான் வெளியாள் என்று எழுதப்போகிறார் என்று நினைத்தாள். வீடு, வயல், புருஷன் எல்லாம் போச்சு. கத்திவிட்டாள்: "ஆறுச்சாமிங்க. சாமி, எங்கூட்டுக்காரரு ஆறுச்சாமிங்க."

பேனா நின்றது. மற்றவள் இருவரையும் ஒரு கணம் பார்த்தாள். பிறகு பட் பட்டென்று தன் கன்னத்தில் போட்டுக்கொண்டு, தலையைக் குனிந்து அழத் தொடங்கினாள். "பயத்துல வாய் தவறிச் சொல்லிப்போட்டனுங்க. அவரு ஆயுசுக்கு ஒண்ணும் ஆகக் கூடாதுங்க." ராமாத்தாள் மரமாக நின்றாள். கன்னத்தில் போட்டுக்கொள்ள வேண்டும் என்பதே அவளுக்குத் தோன்றவில்லை, அவ்வளவு பயம். சாம்பசிவன் எழுதி முடித்தார்.

மடைக்கு நடக்கும்போது அவர் மெதுவாகச் சொன்னார். "எங்காத்துல அம்மா ஒருநாளும் அப்பா பேரைச் சொன்னதில்லை. அதுக்காகத்தான் அந்தக் கேள்வியே. அவ சொன்னதும் அவளைத்தான் வெளியாள்னு எழுத இருந்தேன். நீ வாயைத் திறக்காம இருந்திருந்தா நம்பியிருப்பேன். கட்டினவன் பேரைச் சொல்லிட்டுக் கன்னத்துல போட்டுக்காதவளை எப்படிம்மா இந்த ஊர்க்காரின்னு எழுதறது?"

ராமாத்தாள் காலில் விழுந்தாள். பயனில்லை. மற்றவள் பலகையைத் தூக்கினாள். ராமாத்தாள் இறங்கியதும், அது முதுகுக்குப் பின்னால் விழுந்தது.

அந்தப் பக்கத்து வயல் தரிசாகக் கிடந்தது. வீடு பூட்டியிருந்தது. மாதம் தவறாமல் வாரியத்துக்கு அபேட்சை மனு எழுதிப் போட்டாள். பதிவேட்டில் பிழை இல்லை என்று பதில் வரும். சீவனாம்ச வழக்கு அவள் தலையில் விழுந்தது. முதல் வாய்தாவில் எதிர்க்கூண்டில் தன் புருஷன் முகத்தோடு நின்றவரைக் கண்டதும், அவர் அவளைத் திரும்பிக்கூடப் பார்க்காதபோதும், கண்ணாரக் கண்டோமே என்று சந்தோஷப்பட்டாள். புருஷன் பெயர் கேட்டபோது வாய் திறக்கவில்லை, குமாஸ்தாவே படித்துக்கொண்டார். இரண்டாவது வாய்தாவில் பெயர் எழுதிய காகிதத்தைக் காட்டினாள். பிறகு எத்தனையோ வாய்தா.

1977-இல் ஒரு வாய்தா. "பர்த்தாவின்றெ பேரு?" என்று குமாஸ்தா தலை நிமிராமல் கேட்டார்.

"ஆறுச்சாமி" என்றாள் ராமாத்தாள். நாக்குக் கூசவில்லை. கன்னத்துக்குக் கையும் போகவில்லை. படியிறங்கி வெளியே வந்த பிறகுதான் அது அவளுக்கு உறைத்தது. சாம்பசிவன் இப்போது வந்து கேட்டாலும் தன்னை வெளியாள் என்றுதான் எழுதிக்கொண்டு போவார் என்று நினைத்ததும், நடு வெயிலில் அவளுக்கு உடம்பெல்லாம் நடுங்கியது.