கேஸை வாபஸ் வாங்கினது யாரு?

ஸ்ரீரங்கம் பஸ்ல இன்னைக்குப் பக்கத்து சீட்டுக்காரர் தானாவே பேச்சுக் கொடுத்தார்.

"எடமலைப்பட்டி புதூர் தாண்டி ரோட்டுக்கு எடுக்கிற நிலத்துல உங்களுதும் இருக்குல்லம்மா?"

நிலத்தைத் தர முடியாதுன்னு நாங்க ஊர்க்காரங்க சேர்ந்து கோர்ட்டுக்குப் போயிருக்கோம். இவர் யாருன்னே எனக்குத் தெரியாது.

"செல்வராஜ் கேஸை வாபஸ் வாங்கிட்டாராமே. நீங்க மட்டும் ஏன் அலையறீங்க?"

எங்களையெல்லாம் கேஸ் போட வச்சதே செல்வராஜ் அண்ணன்தான். அடுத்த ஸ்டாப்புல இறங்கி அவருக்குப் போன் பண்ணேன்.

அவர் திருப்பிக் கேட்டார்: "நீதான் வாபஸ் வாங்கிட்டதா காலையில காந்தி மார்க்கெட்ல ஒருத்தர் சொன்னாரேம்மா?"

"ஐயோ, இல்லண்ணே!"

"நானும் இல்லம்மா."

நம்பறேன். நம்பித்தானே ஆகணும்?

கேஸ்ல இருக்கிற மத்தவங்க சொல்லுங்க, உங்ககிட்ட யார் பேரைச் சொன்னாங்க?