ஆருக்கு அறுபது?

இது நடந்தது. நம்ப முடியாதவர்கள் இந்த இடத்திலேயே நிறுத்திவிட்டு வேறு வேலையைப் பார்க்கலாம், எனக்குக் கோபமில்லை. என் மனைவிக்கு இது தெரியாது. பாதிரியாரிடம் பாவசங்கீர்த்தனத்துக்குப் போகிற நாட்களில்கூட இதை மட்டும் விழுங்கிவிட்டுத்தான் திரும்பி வந்திருக்கிறேன். இன்றைக்கு எழுத ஒரு காரணம் இருக்கிறது. அதைக் கடைசியில் சொல்கிறேன்.

என் பெயர் யேசுரட்ணம். ரொறன்ரோவில், அஜின்கோர்ட் பக்கம் வீடு. சொந்த ஊர் ஊர்காவற்றுறை. யாழ்ப்பாணப் பட்டினத்துக்காரர் எங்களைத் 'தீவான்' என்று நக்கலடிப்பார்கள். கேட்டுக் கேட்டுப் பழகிப்போய், யாராவது ஊரைக் கேட்டால் நானே முந்திக்கொண்டு "நாங்கள் தீவார்" என்று சொல்லிவிடுவேன். அந்த வாய்தான் வினையானது.

நானும் அலெக்ஸாண்டரும் 1988இல் ஒன்றாக இந்த நாட்டுக்கு வந்து இறங்கினோம். சொந்தக்காரர் இல்லை. ஒரே ஊர், ஒரே கோயில். ஒருவரை ஒருவர் 'மச்சான்' என்றுதான் கூப்பிடுவோம். எங்களுக்கு அகதிப் படிவம் நிரப்பித் தந்தவர் இரண்டு பேருடைய பிறந்த தேதிகளையும் மாறி எழுதிவிட்டார். என் தேதி அவனுக்கு, அவன் தேதி எனக்கு. உண்மையில் நான் மூன்று வயது மூத்தவன். கடதாசியில் அவன் மூத்தவன். திருத்தப் போனால் கேஸ் பழுதாகிவிடும் என்ற பயத்தில் இருவரும் வாயை மூடிக்கொண்டோம். பிறகு கலியாணம், பிள்ளைகள், சிற்றிசன்சிப்... எல்லாம் அந்தத் தேதிகளிலேயே போய்விட்டது. மனைவிமாருக்கும் சொல்லவில்லை.

ஆக, டிசம்பர் பத்தாம் தேதி என் பிறந்த நாள். ஒவ்வொரு டிசம்பர் பத்திலும் அலெக்ஸாண்டர் கேக் வெட்டுவான், நான் கை தட்டுவேன். முதல் துண்டை மனைவி செலீனுக்கு ஊட்டிவிட்டு என்னைப் பார்த்துக் கண்ணடிப்பான். முதல் சில வருடங்கள் எனக்கும் சிரிப்பு வந்தது. பிறகு வரவில்லை. முப்பத்துநான்கு வருடம் என் பிறந்த நாளை இன்னொருத்தன் கொண்டாடுவதைப் பார்த்தால் யாருக்கும் வயிறு எரியும். எனக்கும் எரிந்தது.

2022 டிசம்பர் 10, சனிக்கிழமை. கடதாசிப்படி அலெக்ஸாண்டருக்கு அறுபது. செலீன் பெரிய எடுப்பில் செய்தாள். நூற்றிருபது பேருக்குச் சாப்பாடு. ரொறன்ரோவின் கிழக்குப் பக்கம், ஒரு சின்னக் கிரேக்கத் தீவிலிருந்து வந்தவர்களின் சங்க மண்டபம். தீவின் பெயரை எழுதமாட்டேன். மண்டபத்தை இன்றும் வாடகைக்கு விடுகிறார்கள். மேசை அடுக்குகிற வேலையும், இரண்டு பூமாலைகளையும் வாங்கிக்கொண்டு போகிற வேலையும் என் தலையில் விழுந்தன. எனக்கு அறுபது, மாலை அவனுக்கு, கடைக்கு அலைவது நான். காரில் போகும்போது தனியே புறுபுறுத்துக்கொண்டே போனேன்.

பிற்பகல் 3:20க்கு மண்டபத்துக்குப் போனேன். வெளியே மழையும் பனியும் கலந்து கொட்டியது. மண்டபத்தைப் பார்த்துக்கொள்பவர் பானோஸ் என்ற கிரேக்கர். நல்ல மனிதர் போலத்தான் தெரிந்தார். சுவரில் ஒரு பெரிய படம் இருந்தது. பாறையில் செதுக்கிய ஒரு சிங்கம், நீட்டிப் படுத்திருந்தது. அது சிரித்தது. அவர்களுடைய தீவில் அது ஆயிரக்கணக்கான வருடங்களாக அப்படியே படுத்திருக்கிறதாம். அந்தக் காலத்தில் அந்தச் சின்னத் தீவுக்குள் நான்கு பட்டணங்கள் இருந்தனவாம், ஒவ்வொன்றுக்கும் தனி மதில். ஆனால் மண் கொஞ்சம். விளைகிற பார்லி எல்லா வாய்க்கும் போதாது என்றார்.

நான் சும்மா இருந்திருக்கலாம். "நாங்களும் தீவார்தான்" என்றேன், என்னுடைய உடைந்த ஆங்கிலத்தில்.

பானோஸ் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். என்ன விழா என்று கேட்டார். அறுபதாம் பிறந்த நாள் என்றேன். அவரும் தீவா என்று கேட்டார். ஓம் என்றேன். மண்டபக் கதவின் திறப்பை என் கையில் தந்துவிட்டு 3:45க்கு வெளியே போனார். அந்தக் குளிரில் தொப்பியை மறந்து விட்டுவிட்டுப் போனார்.

நான் தனியாக வேலை செய்தேன். பதினைந்து வட்ட மேசை. எண்ணித்தான் விரித்தேன். மேடைப் பக்கம் மின்விளக்குச் சரத்தைத் தொங்கவிட்டுவிட்டுத் திரும்பினால், சிங்கத்தின் படத்துக்குக் கீழே பதினாறாவது ஒன்று இருந்தது. வட்டம் இல்லை. நீளமான, தரையோடு பதிவான மரமேசை. அதன்மேல் பச்சை இலையில் கட்டிய வளையங்கள். தலையில் வைக்கிற அளவு. எண்ணிப் பார்த்தேன். பன்னிரண்டு.

சங்கத்துச் சாமானாக இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன்.

நேரம் 4:17. குசினிக்குள் சத்தம் கேட்டது.

டொக்... டொக்... டொக்...

கல்லுரலில் இடிக்கிற சத்தம். சாப்பாட்டுக்காரர் பின்கதவால் வந்துவிட்டார்கள் போல என்று உள்ளே போனேன்.

ஒரு பெண் நின்றாள். என் வயது இருக்கும். நரைத்த தலையில் அதே இலை வளையம். கல்லுரலில் பச்சைத் தழையை இடித்துக்கொண்டிருந்தாள். கொத்தமல்லி. அப்படித்தான் நினைத்தேன். அதே இலை, அதே சின்ன வெள்ளைப் பூ. ஆனால் தண்டில் ஊதாப் புள்ளிகள் இருந்தன. மல்லித் தண்டில் புள்ளி இருக்காது. மணமும் மல்லி மணம் இல்லை. பூட்டிக் கிடந்த அறையில் எலி இருந்தால் வருகிற மணம்.

அவள் நிமிரவில்லை.

"தீவே?" என்று கேட்டாள்.

எந்த மொழியில் கேட்டாள் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. எனக்கு விளங்கியது, அவ்வளவுதான். தலையாட்டினேன்.

"இண்டைக்கு ஆருக்கு அறுபது?"

என் நெஞ்சு ஒருமுறை குதித்தது. பயத்தில் இல்லை. இந்த நாட்டுக்கு வந்த பிறகு அந்தக் கேள்வியை ஒருவர் முதல் தரம் கேட்கிறார். 'எனக்கு' என்று சொல்ல வாய் திறந்தேன். அந்த ஒரு சொல்லுக்காக முப்பத்துநான்கு வருடம் காத்திருந்திருக்கிறேன்.

அப்போதுதான் சாப்பாடு எடுத்துக் கொடுக்கிற ஜன்னல் வழியாக மண்டபத்தைப் பார்த்தேன்.

நீள மேசையில் ஆட்கள் இருந்தார்கள்.

ஆண்களும் பெண்களும். தலையில் இலை வளையம். கையில் கிண்ணம். கலியாண வீடு போலச் சிரித்துப் பேசினார்கள். எல்லோரும் என் வயதுக்காரர். அதற்கு மேல் வயதுள்ள ஒருவர்கூட இல்லை...

ஒருவர் குனிந்து பக்கத்தில் இருந்தவரின் பாதத்தைக் கிள்ளினார். அவர் சிரித்துக்கொண்டே 'இல்லை' என்று தலையாட்டினார்.

கணுக்காலைக் கிள்ளினார். இல்லை.

முழங்காலை... இல்லை.

ஓரத்தில் இருந்த இருவர் ஏற்கெனவே மேசையில் கவிழ்ந்து கிடந்தார்கள். யாரும் திரும்பிப் பார்க்கவில்லை.

இடிக்கிற சத்தம் நின்றது. அவள் என் பக்கம் திரும்பினாள். கையில் பதின்மூன்றாவது வளையம்.

எனக்கு எல்லாம் விளங்கியது. விளங்காமல் சொன்னேன் என்று யாரும் நினைக்க வேண்டாம்.

"எனக்கில்லை" என்றேன். "அலெக்ஸாண்டருக்கு."

அவள் வளையத்தைக் கீழே வைத்தாள்.

"நீர்தான் சொன்னனீர்."

4:24. குசினியில் யாரும் இல்லை. உரல் இல்லை. மண்டபத்தில் பதினைந்து வட்ட மேசை. குசினி மேடையில் ஒரு கடதாசிக் கோப்பை மட்டும் இருந்தது. நான் கொண்டுவந்த எங்களுடைய கோப்பை. அதிலிருந்து ஆவி பறந்தது.

அதைக் கொட்ட எனக்கு ஏழு நிமிடம் இருந்தது. கொட்டவில்லை. கொட்டினால் அவள் திரும்ப வந்து திரும்பக் கேட்பாள் என்று பயந்தேன்.

4:31க்கு அலெக்ஸாண்டர் வந்தான். புது கோட், புதுச் சப்பாத்து. இருமிக்கொண்டே வந்தான்.

"தொண்டை கட்டிப்போச்சு மச்சான். இண்டைக்கெண்டு பார்த்து."

தண்ணீர் குடிக்கக் குசினிக்குள் போனான். திரும்பி வரும்போது கோப்பை அவன் கையில் இருந்தது.

"செலீன் மல்லித் தண்ணி வைச்சிட்டுப் போயிருக்கிறாள் போல." மணந்து பார்த்தான். முகத்தைச் சுளித்தான். "ஏதோ மாதிரி மணக்குது. குடிக்கலாமே?"

என்னைத்தான் கேட்டான். பதிலுக்காகக் காத்து நின்றான்.

"சூடு ஆறமுதல் குடி" என்றேன்.

குடித்தான்.

ஆறு மணிக்குச் சனம் வரத் தொடங்கியது. 6:50க்கு மாலை போட்டார்கள். நான் வாங்கிக்கொண்டு வந்த மாலை. 7:12க்கு என்னைக் கூப்பிட்டு, கால் இரண்டும் விறைக்குது மச்சான், இந்த ஹோலில் ஹீற்றர் போடேல்லையோ என்று கேட்டான். போட்டிருக்கிறது என்றேன். 7:40க்கு ஒரு கையால் மேசையைப் பிடித்துக்கொண்டு கேக் வெட்டினான்.

அன்றைக்கு முதல் துண்டைச் செலீனுக்குக் கொடுக்கவில்லை. என்னைக் கூப்பிட்டான். என் வாயில் ஊட்டினான். காதுக்குள் மெதுவாகச் சொன்னான்.

"உனக்கெல்லோ அறுபது. உண்மையை இண்டைக்கு மைக்கில சொல்லப்போறன், மச்சான். மறைச்சது காணும்."

மைக் வரைக்கும் அவனால் நடக்க முடியவில்லை.

கதிரையில் இருத்தினோம். சிரித்தபடிதான் இருந்தான். புத்தி தெளிவாக இருந்தது. கொஞ்சம் கிள்ளிப் பார் என்றான். பாதத்தைக் கிள்ளினேன். தெரியவில்லை என்றான். முழங்காலைக் கிள்ளினேன். தெரியவில்லை என்றான். பிறகு நான் கிள்ளவில்லை. கையை மட்டும் பிடித்துக்கொண்டிருந்தேன். அம்புலன்ஸ் வாசலுக்கு வரும்போது 8:26. அவனுக்கு மூச்சு இல்லை.

இதயம் நின்றுவிட்டது என்றுதான் ஆஸ்பத்திரியில் சொன்னார்கள். அதற்கு மேல் யாரும் தேடவில்லை. செலீனிடம் ஒரு நாள் மெல்லக் கேட்டேன். அன்றைக்கு அவள் மல்லித் தண்ணீர் வைக்கவே இல்லை. அவனுடைய கல்லறைக்கு இரண்டு தரம்தான் போயிருக்கிறேன். அந்தக் கல்லில் வெட்டியிருப்பது என்னுடைய பிறந்த தேதி.

மூன்று வாரம் கழித்துப் பானோஸைப் போய்ப் பார்த்தேன். அவர் என்னை எதிர்பார்த்துக்கொண்டிருந்தவர் போல உட்காரச் சொன்னார். பழைய காலத்தில் அவர்களுடைய தீவில் ஒரு சட்டம் இருந்ததாம். அறுபது தாண்டியவர்கள் மற்றவர்களின் சாப்பாட்டை மிச்சம் பிடிக்க வேண்டும். ஒரு விருந்து வைத்து, தலையில் இலை சூடி, ஒரு செடியை இடித்துப் பிழிந்து குடிப்பார்களாம். பார்த்தால் மல்லி மாதிரியே இருக்குமாம் அந்தச் செடி. அழுவது வெட்கமாம். யாரையும் பலவந்தம் செய்வதில்லையாம். ஆனால் இன்னாருக்கு அறுபது என்று அவரவர் ஆட்கள்தான் வாயால் சொல்ல வேண்டுமாம். இன்றைக்கும் அவர்களில் ஒருவரும் அறுபதைக் கொண்டாடுவதில்லை என்றார். எங்கே இருந்தாலும்.

இதை ஏன் எனக்கு அன்றைக்கே சொல்லவில்லை என்று கேட்டேன்.

"எனக்கு அப்போது ஐம்பத்தொன்பது. அடுத்தது என் முறை" என்றார்.

அவரைத் திட்ட எனக்கு என்ன யோக்கியதை? எழும்பி வந்துவிட்டேன்.

இது நடந்து மூன்று வருடம். வருகிற சனிக்கிழமை, நவம்பர் 22, கடதாசிப்படி எனக்கு அறுபது. அலெக்ஸாண்டர் பிறந்த தேதி. ஒன்றும் செய்யக்கூடாது என்று வீட்டில் கண்டிப்பாகச் சொல்லியிருந்தேன். சத்தியமும் வாங்கினேன். எல்லோரும் தலையாட்டினார்கள்.

ஒரு கிழமையாக எனக்கு இருமல்.

இன்று மாலை 5:35க்கு என் மகள் ஷாமிலா வந்தாள். சப்பாத்தைக் கழற்ற முன்னமே பேசத் தொடங்கினாள்.

"அப்பா, கோவிக்காதேங்கோ. சர்ப்ரைஸா செய்வம் எண்டுதான் இருந்தனாங்கள். மார்க்கம் சிற்றியில ஒரு ஹோல் புக் பண்ணியிருக்கு. இண்டைக்குப் பார்க்கப் போனனான்."

அது கிரேக்கருடைய மண்டபம் இல்லை. புதுக் கட்டடம். எங்கள் ஆட்கள் நடத்துவது. அதையும் அவளே சொன்னாள். எனக்கு மூச்சு வந்தது.

"அங்க கிச்சின்ல ஒரு அன்ரி நிண்டவா. நல்ல அன்ரி. நீங்கள் தீவோ எண்டு கேட்டா. ஆருக்கு அறுபது எண்டு கேட்டா..."

எனக்கு இருமல் வந்தது.

"உங்கட பேரைச் சொன்னன். இருமல் எண்டதும் இதைத் தந்துவிட்டா."

மேசையில் ஒரு பிளாஸ்க்கை வைத்தாள். எங்கள் வீட்டுப் பிளாஸ்க் இல்லை.

எனக்கு உண்மையில் அடுத்த மாதம் அறுபத்துமூன்று என்று அவளிடம் சொல்லலாம். சொன்னால், அப்படியானால் அலெக்ஸாண்டர் அங்கிளுக்கு அன்றைக்கு எத்தனை வயது என்று கேட்பாள். அந்தக் கேள்விக்குப் பதில் சொன்னால் மற்றதையும் சொல்ல வேண்டும்.

இப்போது 6:48. இதை எழுதிக்கொண்டிருக்கிறேன். பிளாஸ்க் என் முன்னால்தான் இருக்கிறது. மூடி இன்னும் திறக்கவில்லை. ஆனாலும் அறை முழுக்க எலி மணம்.

ஷாமிலா குசினிக்குள்ளிருந்து கூப்பிடுகிறாள்.

"அப்பா... ஆறமுதல் குடியுங்கோ."