நாலாவது சோடி

கூத்தாடியவன் என்று நான் சொன்னது உண்மைதான். எந்த வேஷம் கட்டினேன் என்று சொல்லாமல் விட்டதில்தான் வந்தது வினை.

அப்போது எனக்குக் கண்டியில் மோட்டார் உதிரிப்பாகக் கடையொன்றில் வேலை. கட்டுகஸ்தோட்டையில், மட்டக்களப்பிலிருந்து வந்து குடியேறிய பறங்கிக் குடும்பமொன்றின் வீட்டில் அறை எடுத்துத் தங்கியிருந்தேன். வீட்டுக்காரரை அங்கிள் என்பேன். தச்சர், பல்லேகலைப் பக்கம் தளபாடம் செய்யும் இடத்தில் வேலை. பின்னேரங்களில் வயலின் வாசிப்பார். நம்மைவிட நல்ல தமிழ் பேசுவார். கோபம் வந்தால் மட்டும் அவர்களுடைய பழைய போர்த்துக்கேய மொழி வெளியே வரும்.

"எங்கட ஆக்கள் கப்பல்ல வந்தவங்க தம்பி" என்று ஒருநாள் பெருமையாகச் சொன்னார்.

"எங்க ஆளுங்களும் கப்பல்லதாங்க வந்தாங்க. எறங்குனதும் தேயிலை மலைக்கு நடக்க விட்டாங்க" என்றேன்.

உள்ளேயிருந்து ஒரு சிரிப்புச் சத்தம் கேட்டது. அவருடைய இளைய மகள். அன்றிலிருந்து அந்தச் சிரிப்புக்காகவே பகிடிகளைத் தேடித் தேடிச் சேர்க்க ஆரம்பித்தேன். ஆனால் பகிடியை அங்கிளிடம்தான் சொல்வேன். அவளிடம் நேராகச் சொன்னவற்றில் மிக நெருக்கமானது, "கொஞ்சம் உப்பு எடுத்துத் தாங்க" என்பதுதான்.

மூத்தவளுக்குக் கல்யாணம் நிச்சயமானது. மாப்பிள்ளை மெல்பர்னில். பிறகு குடும்பம் முழுவதும் அங்கேயே போய்விடுவதாக ஏற்பாடு. ஆன்டி விரல் மடக்கிப் போகிறவர்களைச் சொல்லிக்கொண்டு வந்தபோது, "இளையவளும்" என்ற இடத்தில் என் தொண்டையில் சோறு சிக்கியது. முதுகில் தட்டித் தண்ணீர் தந்தவளும் அவள்தான். ஒரேயொரு தடவை அவள் எதிரில் நின்று நாலு வார்த்தை பேசிவிட வேண்டும், அவள் போவதற்குள். வேறொன்றும் வேண்டாம் என்று நினைத்துக்கொண்டேன்.

அவர்களுடைய கல்யாணத்தில் மோதிரம் மாற்றினால் மட்டும் போதாது, கப்ரிஞ்ஞா ஆட வேண்டும். நாலு சோடி சதுரமாக நிற்பார்கள். வயலினும் றபான் மேளமும் தொடங்கியதும் எதிரெதிரே வந்து வணங்கி, கைபிடித்துச் சுற்றி, இடம் மாறி மாறிப் போவார்கள். எல்லாச் சோடியும் புறப்பட்ட மூலைக்குத் திரும்பி வரும்வரை வயலினை நிறுத்தக்கூடாது என்பது அங்கிள் வீட்டு வழக்கம். மூன்று சோடியால் ஆட முடியாது. பின்னேரங்களில் அவர்கள் ஆடிப் பழகும்போது நான் படியில் குந்தியிருந்து பார்ப்பேன். அப்படி ஒருநாள் வாய் சும்மா இருக்காமல், "நானும் புசல்லாவைத் தோட்டத்துல கூத்தாடினவன்தாங்க" என்று விட்டேன்.

கல்யாணத்தன்று மழை. தெல்தெனியாவுக்கு அப்பால் மண் சரிந்து பாதை அடைபட்டது. மட்டக்களப்பிலிருந்து சொந்தக்காரரை ஏற்றி வந்த முதல் வான் தப்பிவிட்டது; இரண்டாவது வான் மறுபக்கத்தில் நின்றுவிட்டது. இளையவளோடு ஆட வேண்டிய மச்சான்காரன் அந்த இரண்டாவது வானில். மாப்பிள்ளையின் கொழும்புச் சிநேகிதர்கள் வால்ட்ஸ்தான் ஆடுவார்களாம். அங்கிள் வயலினோடு மண்டபத்தைச் சுற்றிப் பார்த்தார். நான் கட்லிஸ் தட்டுக்குப் பின்னால் மறைய முயன்றேன். அது சின்னத் தட்டு.

"கூத்தாடின தம்பி இரிக்காரே" என்றார்.

யாருடையதோ கோட்டை எனக்கு மாட்டிவிட்டார்கள். கைகள் உள்ளே எங்கோ தொலைந்துபோயின. எதிரில் அவள் நின்றாள். நான் கேட்டிருந்த வரம் கிடைத்துவிட்டது. கிடைத்ததும் மண்டபத்தில் எத்தனை கதவுகள் என்று பார்த்துக்கொண்டேன்.

முதல் சுற்றில் பரவாயில்லை, அடுத்தவரைப் பார்த்து ஆடினேன். பிறகு தாளம் ஏறியது. எனக்கு மூளை நின்றுபோய் உடம்பு மட்டும் மிஞ்சியது. அந்த உடம்புக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்றுதான். மாசி மாதக் காமன் கூத்தில் வருஷா வருஷம் நான் கட்டியது ரதி வேஷம். தோட்டத்தில் ஆண்கள்தான் ரதி. மீசை முளைக்கப் பிந்திய குற்றத்துக்காக என்னைப் பிடித்துப் போட்டிருந்தார்கள். இடது கை தானாக இடுப்பில் ஏறியது. தலை சாய்ந்தது. வலது கையை, உள்ளங்கை கீழே பார்க்க, நாணத்தோடு நீட்டினேன். அவளும் கையை அப்படியேதான் நீட்டியிருந்தாள். இரண்டு பெண்கள், பிடிக்க ஆளில்லை.

றபான் அடித்தவர் சிரித்துத் தாளத்தைக் கோட்டைவிட்டார். அங்கிள் நிறுத்தவில்லை.

அவள் ஒரு கணம் என்னைப் பார்த்தாள். பிறகு ஒரு கையை முதுகுக்குப் பின்னால் கட்டி, ஆண்களைப் போலக் குனிந்து வணங்கி, என் கையைக் கீழிருந்து தாங்கிக்கொண்டாள். "இஞ்சால கிறுகுங்க" என்று மெல்லச் சொல்லித் திருப்பினாள். அந்தக் கையில் மரப் பொலிஷ் வாசம் இருந்தது. காலையில் தகப்பனுடன் மண்டபத்துக் கதிரைகளைத் துடைத்திருப்பாள். நான் ரதியாகவே சுற்றி, ரதியாகவே இடம் மாறி, எங்கள் மூலைக்கு வந்து சேர்ந்தேன். கடைசியாக வந்த சோடி நாங்கள்தான். வயலின் அதுவரை எங்களுக்காக இழுத்துக்கொண்டேயிருந்தது.

மூச்சு வாங்கிக்கொண்டு அவள் கேட்டாள்: "கூத்தில நீங்க என்ன வேஷம்?"

"ரதிங்க."

"அப்ப நான் ஆரு?"

"மன்மதன்."

சிரித்தாள். இந்தத் தடவை எனக்கு நேராக. "மறுகா அவனுக்கு என்ன நடந்த?"

"சிவன் எரிச்சுப்புட்டாருங்க. ரதி ஒத்தையா நின்னு அழுவா."

சிரிப்பு அடங்கியது. "மறுகா?" என்றாள். மட்டக்களப்பில் 'அப்புறம்' என்பதை அப்படித்தான் கேட்பார்கள்.

மூன்றாம் நாள் மன்மதன் உயிரோடு எழுந்து வருவான். அழுத ரதியிடம் திரும்பி வருவான். தோட்டத்தில் சின்னப் பிள்ளைக்கும் தெரிந்த கதை. எனக்கு வேண்டிய நாலு வார்த்தையும் அதிலேயே இருந்தன. அவள் காத்துக்கொண்டு நின்றாள். 

"சாப்பாடு போடுறாங்க போல" என்றேன்.

அவர்கள் போன நாளில் அவளுடைய பெட்டியை வான் வரைக்கும் நான்தான் தூக்கிக்கொண்டு போனேன். சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன். "நல்ல பாரம்" என்று வந்தது.

எனக்கும் கல்யாணமாகி, பிள்ளைகளும் என் பகிடிகளுக்குச் சிரிப்பதை நிறுத்திவிட்டார்கள். போன மாதம் பழைய முதலாளியின் மகன் தொலைபேசியில் ஒரு வீடியோ அனுப்பினான். மெல்பர்னில் ஏதோ மண்டபம், ஏதோ கல்யாணம், கப்ரிஞ்ஞா. அங்கேயும் ஆண்கள் போதவில்லை போலும். நாலாவது சோடியில் இருவரும் பெண்கள். தலை நரைத்த ஒருத்தி ஒரு கையை முதுகுக்குப் பின்னால் கட்டிக் குனிந்து, மறு கையை நீட்டினாள்.

குசினியில் நின்றுதான் பார்த்தேன். என் வலது கை, உள்ளங்கை கீழே பார்க்க, தானாக எழுந்து நின்றது.

"என்னங்க, கையில என்ன?" என்று கேட்டாள் மனைவி.

"நுளம்பு கடிக்குது" என்றேன்.