காலித்தட்டு இனோவே

சினிமாவில் வாள் சுழற்றப்போகிறேன் என்று ஒசாக்காவில் நண்பர்களிடம் வீரம் பேசிவிட்டுத்தான் இனோவே 1983இல் மெல்பேர்ன் வந்து இறங்கினார். வாள் பிடிக்க வந்த கையில் இந்த ஊர்க்காரர்கள் கரண்டியைக் கொடுத்தார்கள். வீடுகளில் அன்றாடம் என்ன சாப்பிடுகிறார்கள், எப்படிச் சாப்பிடுகிறார்கள் என்று பள்ளிக்கூடங்களில் காட்டும் குறும்படங்களில்தான் நடிக்க வேலை கிடைத்தது. இத்தாலிக்காரர் வீடோ லெபனான்காரர் வீடோ, விருந்தாளி இவர்தான். எல்லாப் படமும் ஒரு பருக்கைகூட மிச்சமில்லாத அவருடைய தட்டில்தான் முடியும். தட்டில் மிச்சம் வைத்தால் சின்ன வயதில் அம்மா முகம் கொடுத்துப் பேசமாட்டாராம். அந்தப் பயம் அறுபதிலும் விடவில்லை. காலித்தட்டு இனோவே என்றால்தான் தொழிலில் ஆளைத் தெரியும்.

1997இல் வயிறு கெட்டது. இந்தத் தொழில் போதும் என்றுவிட்டார் டாக்டர். கடைசிப் படம் நோபல் பார்க் என்ற புறநகரில், இலங்கை மன்னார்க்காரர்களான யாக்கோபு, அன்னமலர் தம்பதியின் வீட்டில். இதையும் காலித்தட்டோடு முடித்துவிட்டு மரியாதையாக ஒதுங்கலாம் என்று கணக்குப் போட்டார். பாவம் மனுசன், அன்னமலரைக் கணக்கில் சேர்க்கவில்லை.

கேமரா ஓடியது. யாக்கோபு எதிரே இருந்து சாப்பிட, இனோவேயும் சிவப்பரிசிச் சோற்றையும் பாரைமீன் குழம்பையும் கையால் வழித்துச் சாப்பிட்டார். கேமரா காலித்தட்டை நெருங்குவதற்குள் அன்னமலரின் அகப்பை நெருங்கிவிட்டது.

"கட். போடவேண்டாம் என்று சொன்னோமே?" என்றார் டைரக்டர்.

"விருந்தாளி வெறுந்தட்டோட இருக்கேக்க நான் எப்பிடிப் பாத்துக்கொண்டு நிக்கிறது?" என்றாள் அன்னமலர்.

மறுபடி சாப்பிட்டார். மறுபடி அகப்பை. வேண்டுமென்றா செய்தாள்? வெறுந்தட்டைக் கண்டால் அவள் கை தானாகப் போனது. கொஞ்சம் மிச்சம் வைத்தால் தப்பிக்கலாம். அதற்குப் பதில் உயிரையே விட்டுவிடலாம் என்றிருந்தது இனோவேக்கு. பெல்ட்டைத் தளர்த்தினார். இத்தனை வருடம் சேர்த்த பெயர் இந்தக் குழம்பிலா கரையவேண்டும் என்று அழுகையே வந்துவிட்டது.

அப்போது யாக்கோபு சாப்பிட்டு முடித்து, கிளாஸ் தண்ணீரைத் தன் தட்டிலேயே ஊற்றிக் கை கழுவினார். அவர் பக்கம் போன அகப்பை பாதியில் திரும்பியதை இனோவே கவனித்தார்.

அடுத்த டேக்கில் கடைசிப் பருக்கை வாய்க்குள் போனதும், தட்டைக் கேமராவுக்கு ஒரு கணம் காட்டி, தண்ணீரை ஊற்றிக் கை கழுவினார். அகப்பை அந்தரத்தில் நின்றது. டைரக்டர் ஓடிவந்து கட்டிப்பிடித்தார். ஆட்கள் விளக்குகளைக் கழற்றத் தொடங்கினார்கள்.

இனோவே எழப்போனார். அன்னமலர் புதுத்தட்டில் சோறு கொண்டுவந்து வைத்தாள்.

"அது படத்துக்குச் சாப்பிட்டது அங்கிள். இனி ஆறுதலா இருந்து சாப்பிடுங்கோ."

யாக்கோபு மொழிபெயர்க்கத் தேவையிருக்கவில்லை. நாலு வாய் சாப்பிட்டார். அம்மாவை நினைத்துக்கொண்டார். பிறகு, வாழ்க்கையில் முதல்முறையாக, ஒரு பிடி சோற்றைத் தட்டிலேயே விட்டுவிட்டுக் கையை எடுத்தார்.

அன்னமலர் அந்தச் சோற்றைப் பார்த்தாள்.

"இப்பதான் மனுசனுக்கு வயிறு நிறைஞ்சிருக்கு" என்றபடி அகப்பையைக் கொண்டுபோய்க் குசினியில் வைத்தாள்.