தப்பைத் திரும்ப வைத்தவர்

அலுவலகத்தில் அவருக்கு ‘சுருக்கு’ என்று பெயர். விடுப்புக் கடிதத்தைத் தீப்பெட்டி அளவுக்கு மடித்து நீட்டுபவருக்கு வேறென்ன பெயர் வைப்பார்கள்? வேலை காப்பீட்டு நிறுவனத்தில். உயிர் மட்டும் ஒரு மென்பொருள் நூலகத்தில். அலமாரியும் அமைதியும் உள்ள நூலகம் அல்ல. பெரிய கோப்புகளை அமுக்கிப் பொட்டலமாக்கவும், பிறகு பிரிக்கவும், யாரும் இலவசமாக எடுத்துத் தங்கள் மென்பொருளில் செருகிக்கொள்ளும் நிரல். ஊர்ப்பட்ட பேர் பயன்படுத்துகிறார்கள். திட்டுவதற்கு மட்டும் கடிதம் போடுவார்கள்.

போன வாரம் அப்படி ஒன்று வந்தது. நாலு ஜிபியைத் தாண்டிய கோப்பின் அளவை இவருடைய நூலகம் தப்பாகக் குறிக்கிறதாம். வேறு மென்பொருளில் பொட்டலம் பிரியவில்லையாம். இவருக்குத் தூக்கிவாரிப் போட்டது. தானே அமுக்கி, தானே பிரித்து, ஆயிரம் முறை சோதித்தவர். தப்பாக எழுதியதை அதே தப்போடு படித்தால் சரியாகத்தானே வரும்! கேள்வித்தாளும் விடைத்தாளும் திருத்துவதும் ஒரே ஆள்; நூற்றுக்கு நூறு.

உடனே திருத்தினார். வெட்கத்தில் பழைய பதிப்புகளை எல்லா இடத்திலும் அழித்தார். ஞாயிற்றுக்கிழமை அக்காவின் அலுவலகக் கணினியிலும் புதியதைப் போட்டுவிட்டு, நல்ல பிள்ளையாக வந்தார்.

வியாழன் பதினோரு மணிக்கு அக்காவின் போன். நிலத்தடி நீர் அலுவலகத்தில் ஒன்பது வருடம் கிணறு கிணறாக ஏறி இறங்கி எடுத்த அளவுகளும் படங்களும், தம்பியின் நச்சரிப்பால் ஒரே பொட்டலமாகிக் கிடந்தன. நாலு மணிக்குக் குழு கூடுகிறது. நீர் இறங்கிக்கொண்டே போவதை அளவுகளோடு காட்டித் தடுக்காவிட்டால், புதிய ஆழ்துளைக் கிணறுகளுக்கு அனுமதி கொடுத்துவிடுவார்கள். பொட்டலமோ ‘சேதம்’ என்கிறது.

“நீ சொன்னேன்னுதான்டா ஒரிஜினலை அழிச்சேன்.”

“பொட்டலம் கெடலக்கா. பழைய தப்போட கட்டினது. நான் தப்பைச் சரி பண்ணிட்டேன், அதான் திறக்கல.”

“சரி பண்ணா திறக்காதா? அப்போ வந்து கெடுத்துக் குடு.”

அரை நாள் விடுப்பில் ஓடினார். அக்காவின் நாற்காலியில் ஒட்டியும் ஒட்டாமலும் உட்கார்ந்து, அழித்த தப்பை நினைவிலிருந்து எழுதத் தொடங்கினார். பாழாய்ப்போன கை, சரியாகவே எழுதியது. முதல் முயற்சியில் பிரியவில்லை. இரண்டாவதில் தப்பைக்கூடத் தப்பாக எழுதியிருந்தார். எழுந்து ஜன்னல் வரை போனார், வந்தார். பக்கத்து மேஜைக்காரர், தம்பிக்கு உடம்புக்கு ஏதாவதா என்று விசாரித்தார். பிறந்ததிலிருந்தே இப்படித்தான் என்றாள் அக்கா, கடிகாரத்திலிருந்து கண்ணை எடுக்காமல்.

மூன்று இருபதுக்கு முதல் கிணறு திரையில் வந்தது. பிறகு மளமளவென்று எல்லாம். அக்கா எல்லாவற்றையும் ஒரு வன்தட்டில் நகலெடுத்துக்கொண்டு கூட்டத்துக்கு நடந்தாள்.

அவர் அந்த நாற்காலியிலேயே அறிவிப்பு எழுதினார். ‘சிறு மேம்பாடு’ என்று தொடங்கி அழித்தார். ‘சில பயனர்களுக்கு’ என்று தொடங்கி அதையும் அழித்தார். கடைசியில் எழுதியது: தப்பு என்னுடையது, அதைத் திருத்திய விதமும் தப்பு, புதிய பதிப்பு பழைய பொட்டலம், புதிய பொட்டலம் இரண்டையும் பிரிக்கும். வெளியிட்ட அரை மணியில், அதுவரை பொட்டலம் பிரியாமல் தவித்திருந்த ஏழு பேர் எழுதினார்கள். அதில் ஐந்து பேர் திட்டினார்கள்.

அளவுகளைப் பார்த்துக் குழு புதிய கிணறுகளுக்கான அனுமதியை நிறுத்திவைத்த நல்ல செய்தியோடு அக்கா திரும்பினாள்.

“இதை மறுபடி அமுக்கி வெச்சுடட்டுமாக்கா? இப்போ சரியா திறக்கும்.”

“கையை எடு,” என்றாள். “விரிஞ்சே கிடக்கட்டும்.”

எடுத்தார். பஸ் நிறுத்தம் வரைக்கும் அந்தக் கையை எங்கே வைப்பதென்று அவருக்குத் தெரியவில்லை.