கோர் விராப்பில் விட்ட சேவல்

ஆர்மேனியாவைப் பார்க்க வேண்டும் என்ற ஆசை எங்கள் மூவரில் எவருக்கும் இருந்ததில்லை. என் மனைவியின் தம்பி ஹீத்ரோ விமான நிலையத்தில் உணவுத் தட்டுகள் அடுக்கும் பகுதியில் வேலை செய்தான். ஊழியர்களுக்கு வருடத்தில் ஒருமுறை சலுகை டிக்கெட் உண்டு. எந்த விமானத்தில் இடம் மிஞ்சுகிறதோ அதில் ஏறிக்கொள்ளலாம். தொண்ணூற்றெட்டாம் ஆண்டு செப்டெம்பரில் ரோமுக்கு இடமில்லை, ஏதென்ஸுக்கு இடமில்லை, யெரெவானுக்கு மட்டும் தாராளமாக இருந்தது. ஏன் தாராளமாக இருக்கிறது என்று என் மைத்துனன் யோசிக்கவில்லை.

"அத்தான், ஆரும் போகாத இடம். எங்கடை சனத்திலை நாங்கள்தான் முதல் ஆக்கள்."

"ஆரும் போகாததுக்கு ஒரு காரணம் இருக்குமெல்லே?"

"உங்களுக்கு எல்லாத்துக்கும் காரணம் வேணும். அக்கா, இவரை எப்பிடி இருபத்தைஞ்சு வருசமாச் சமாளிக்கிறியள்?"

"ஆர் சமாளிச்சது?" என்றாள் என் மனைவி குசினிக்குள் சமைத்துக்கொண்டு.

அவனுடைய மனைவியும் மகளும் அப்போது கொழும்பில் ஒரு வாடகை அறையில் இருந்தார்கள். மகளைப் பத்து வயதில் விட்டுவிட்டு வந்தவன் அவன். ஏழு வருடம் ஆகியிருந்தது. குடும்பத்தை அழைக்க விண்ணப்பித்தான். உறவு தொடர்ந்து இருந்ததற்குப் போதிய சான்று இல்லை என்று மறுத்துவிட்டார்கள். மேன்முறையீடு செய்தான். சான்று என்று அவன் கையில் இருந்தவை மூன்று கலியாணப் படங்களும், ஒரு சப்பாத்துப் பெட்டி நிறையப் பாவித்து முடிந்த தொலைபேசி அட்டைகளும். அந்த நிலையில்தான் அவனுடைய வழக்கறிஞர் என் நாட்குறிப்புகளைக் கண்டுபிடித்தார்.

நான் ஒரு வைத்தியசாலையின் பதிவேட்டுப் பகுதியில் வேலை செய்தவன். எண்பத்திரண்டு முதல் ஒவ்வொரு நாளையும் எழுதி வைத்திருக்கிறேன். ஞாயிற்றுக்கிழமைகளில் மைத்துனன் ஹவுன்ஸ்லோவிலிருந்து பஸ் மாறி மாறி கோலியர்ஸ் வுட்டில் எங்கள் வீட்டுக்கு வருவான். அவன் இருந்த அறையில் தொலைபேசி இல்லை. எங்கள் வாசல் நடையில் நின்று கொழும்புக்குப் பேசுவான். அவன் வந்த நேரம், பேசிய நிமிடம், பேசி முடித்துச் சாப்பிட்டானா சாப்பிடாமல் போனானா என்பதெல்லாம் என் குறிப்பில் இருந்தன. நூற்று முப்பது பக்கங்களைப் பிரதி எடுத்து மேன்முறையீட்டில் வைத்தார்கள். அதற்குப் பிறகு "அத்தான்ரை டயறி பொய் சொல்லாது" என்று கண்ட இடமெல்லாம் சொல்லித் திரிந்தான். தன்னுடைய வாய் அப்படிப்பட்டதல்ல என்பது அவனுக்கே தெரியும். கொழும்புக்குப் பேசும்போது அவன் ஒரு 'சூப்பவைசர்', தோட்டம் வைத்த வீட்டில் இருப்பவன். நான் பக்கத்து அறையில் இருந்து கேட்டு எரிச்சல்படுவேன்.

தீர்ப்பு கடிதத்தில் வரும் என்றார்கள். ஐந்து வாரமாகியும் வரவில்லை. தபாற்காரரைப் பார்த்துப் பார்த்துப் பைத்தியம் பிடிக்கிறது என்றுதான் அவன் இந்தப் பயணத்துக்கு எங்களை இழுத்தான். குடும்பத்துக்கு ஏழு வருடமாகக் கிடைக்காத விசா, ஒருவருக்கும் தேவைப்படாத ஆர்மேனியாவுக்கு எங்கள் மூவருக்கும் ஒரே வாரத்தில் கிடைத்தது. அவன் அந்த முத்திரையைத் தடவித் தடவிப் பார்த்தான்.

யெரெவானில் ஒரு நாளைக்குத் 'தனியார் சுற்றுலா' பிடித்தான். காலை எட்டரைக்கு வரவேண்டிய கார் ஒன்பது பன்னிரண்டுக்கு வந்தது. பழைய ரஷ்யக் கார். முன்கண்ணாடியில் இந்த முனையிலிருந்து அந்த முனைவரை ஒரு வெடிப்பு. சாரதிக்கு ஆங்கிலம் ஒரு சொல்லும் தெரியாது. வழிகாட்டி ஒரு இளம் பெண், பல்கலைக்கழகத்தில் படிப்பிப்பவளாம். உலகத்திலேயே முதன்முதலில் கிறிஸ்தவத்தை ஏற்ற நாடு தங்களுடையது என்று மதியத்துக்குள் ஏழு தடவை சொன்னாள். முதலாவதாக வந்ததைப் பற்றி இவ்வளவு பேசுகிறவர்களைக் கலியாண வீடுகளில் நான் நிறையக் கண்டிருக்கிறேன். பிள்ளைகளின் சோதனை முடிவு வந்த மாதங்களில் பேசுவார்கள்.

கோர் விராப் மடாலயம் ஒரு சிறு குன்றின் மேல் இருந்தது. அதற்குப் பின்னால் அரராத் மலை தெரியும் என்றாள். அன்று முகில் மட்டுமே தெரிந்தது. மலை நிற்கும் திசையைக் கையால் காட்டினாள். மைத்துனன் அந்த முகிலை ஒன்பது படம் எடுத்தான். பிராந்திப் போத்தல்களில் எல்லாம் படம் போட்டு வைத்திருக்கும் அந்த மலை அடுத்த நாட்டில் இருக்கிறதாம். எல்லை மூடிக் கிடக்கிறதாம்.

"எங்களைப் போலை, அத்தான்," என்றான் மைத்துனன்.

"எங்கடை எதைப் போலை?"

அவன் மறுபடியும் கமராவைத் தூக்கினான். யார் கஷ்டத்தைக் கண்டாலும் அதில் தன் கஷ்டத்தைக் கொண்டுபோய் ஒட்டவேண்டும், அவ்வளவுதான்.

குன்றின் அடியில் சனங்கள் சேவல்களையும் செம்மறிக் குட்டிகளையும் பிடித்துக்கொண்டு மேலே போனார்கள். அதைக் கண்டதும் அவனுக்குக் கண் மின்னியது. அவன் முருக பக்தன். எங்கள் பக்கத்தில் முருகன் கோயிலுக்குச் சேவல் நேர்ந்துவிடுவார்கள்: கொண்டுபோய்க் கோயில் வீதியில் விட்டால் அது கோயிலின் சேவல். பிறகு எவரும் தொடமாட்டார்கள். சாமியின் கொடியில் நிற்கிற பறவையை யார் தொடுவார்?

"இஞ்சையும் முருகன்தான் அத்தான்! குன்று இருக்கு, சேவல் இருக்கு, இனி என்ன வேணும்?"

"மேலை சிலுவை இருக்கு. அதையும் பார்."

அவன் கேட்கவில்லை. ஒரு கிழவியிடம் சிவப்பு உடம்பும் கறுப்பு வாலுமாக ஒரு சேவலை வாங்கினான். குடும்பத்துக்கு விசா கிடைக்கவேண்டும் என்று இதைக் கடவுளுக்குக் கொடுப்பதாக வழிகாட்டியிடம் சொன்னான். அவள் நெகிழ்ந்துபோய்ச் சாரதிக்குச் சொன்னாள். அதுவரை முகம் கொடுக்காத அந்த மனிதர் அவன் கையைத் தன் இரண்டு கைகளாலும் பிடித்துக் குலுக்கினார். மேலே ஒரு பாதிரியார் உப்பை மந்திரித்துக் கொடுத்தார். சாரதி சேவலின் வாயைத் திறந்து ஒரு சிட்டிகை உப்பு வைத்தார்.

"பாருங்கோ அக்கா, பிரசாதம் குடுக்கினம்!"

பிறகு சாரதி சேவலோடு மதிலுக்குப் பின்னால் போனார். விடப் போகிறார் என்றான் மைத்துனன். எனக்கும் அப்படித்தான் தோன்றியது. எதையும் நம்பாதவன் என்று பெயரெடுத்த நான், சந்தேகப்பட வேண்டிய ஒரே இடத்தில், மந்திரித்த உப்பு எத்தனை சிட்டிகை என்று குறித்துக்கொண்டு நின்றேன்.

அங்கே நிலத்துக்குக் கீழே ஒரு குழி உண்டு. ஒரு துறவியை அதற்குள் பதின்மூன்று வருடம் அடைத்து வைத்திருந்தார்களாம். இரும்பு ஏணியால் இறங்கவேண்டும். மனைவி மாட்டேன் என்றுவிட்டாள். மைத்துனன் இறங்கினான், பதினொரு நிமிடம் கழித்து வியர்த்து ஒழுக ஏறிவந்தான்.

"பதின்மூண்டு வருசம் அத்தான். எனக்கு ஏழுதானே."

"அந்தாளுக்கு ஒரு மனுசி மேலை இருந்து பாண் போட்டதாம். உனக்கு அக்கா சோறு போடுறா. ரெண்டு பேருக்கும் குறையில்லை."

அவன் சிரித்தான். மனைவி என்னைப் பார்த்த பார்வையில் சிரிப்பு இல்லை.

காருக்குத் திரும்பியபோது சாரதி அவனிடம் ஒரு கறுப்பு வால் இறகை மரியாதையாக நீட்டினார். ஓடும்போது விழுந்த இறகு என்று மைத்துனன் அதைப் பணப்பைக்குள் வைத்தான்.

அங்கிருந்து அரெனி என்ற ஊர். திராட்சைத் தோட்டங்கள். உலகப் புகழ் பெற்ற வைன் என்று வழிகாட்டி சொன்னதை, தெருவோரத்தில் பழைய கோலாப் போத்தல்களில் ஊற்றி வைத்து விற்றார்கள். அன்று வெள்ளிக்கிழமை, மைத்துனன் விரதம். குடிக்கமாட்டான். ஆனால் விமானத்தின் முதல் வகுப்புத் தட்டுகளில் வைன் குப்பி வைக்கிறவன் என்ற தகுதியில் ஒவ்வொரு போத்தலையும் மணந்து பார்த்துத் தலையாட்டினான். நான் ஒரு கிளாஸ் குடித்தேன். புளித்தது.

பகல் ஒன்று ஐம்பதுக்கு ஒரு வீட்டில் சாப்பாடு. திராட்சைப் பந்தலுக்குக் கீழே மேசை போட்டிருந்தார்கள். மெல்லிய ரொட்டி, சீஸ், தக்காளி, பச்சை இலைகள், நடுவில் பெரிய தட்டில் அவித்த கோழி. மைத்துனனும் மனைவியும் அதைத் தொடவில்லை. நான் வெள்ளிக்கும் வியாழனுக்கும் வித்தியாசம் பார்ப்பதில்லை. அதை அவர்களுக்கு முன்னால் காட்டிக்கொள்வதில் எனக்கு ஒரு சந்தோசமும் உண்டு. இரண்டு துண்டு எடுத்துக்கொண்டேன்.

"இப்ப அது மதிலோரமா மேஞ்சுகொண்டு நிக்கும், அக்கா," என்றான் மைத்துனன், ரொட்டியைக் கிழித்தபடி. "பாதிரிமார் அரிசி போடுவினமோ, கோதுமை போடுவினமோ?"

வழிகாட்டி என் பக்கம் சாய்ந்து தாழ்ந்த குரலில் கேட்டாள்: உங்கள் மைத்துனர் ஏன் எடுக்கவில்லை? நேர்த்தி வைத்தவர் ஒரு துண்டாவது சாப்பிடுவதுதானே நல்லது? சாரதி அறுத்துக் கொண்டுவந்த அவருடைய சேவல்தானே இது?

நான் முதல் துண்டை முடித்திருந்தேன். வைத்தியர் இறைச்சி சாப்பிடக் கூடாது என்று சொல்லியிருக்கிறார் என்றேன். அவள் கவலையோடு தலையாட்டினாள். இரண்டாவது துண்டு தட்டில் கிடந்தது. மிச்சம் வைத்தால் ஏன் என்று மைத்துனன் கேட்பான். முழுவதையும் தின்றேன்.

அதற்குப் பிறகு நோரவாங்க் என்று இன்னொரு மடாலயம், சிவந்த மலைகளுக்கு நடுவில். சுவரோடு ஒட்டிய ஒரு சாண் அகலப் படிகளில் சனங்கள் நாலு காலில் ஏறினார்கள். பார்க்க அழகான இடம்தான். நான் ஒன்றையும் சரியாகப் பார்க்கவில்லை.

மாலையில் ஹோட்டல் அறையில் நான் எழுதிக்கொண்டிருந்தபோது மனைவி வந்து பக்கத்தில் இருந்தாள்.

"மத்தியானம் அந்த வழிகாட்டிப் பெட்டை உங்களுக்கு என்ன சொன்னவள்? உங்கடை முகம் மாறினது."

சொன்னேன். அவள் வாயில் கை வைத்தாள்.

"ஐயோ. தம்பிக்குச் சொல்லிப்போடாதேங்கோ. கடிதம் வரட்டும்."

"வந்தாப் பிறகு?"

"வந்தாப் பிறகும்தான். அவன் அதிலைதான் உசிரை வைச்சிருக்கிறான்."

"அப்ப எழுதுறதோ, விடுறதோ?"

"எழுதாமல் உங்களுக்கு நித்திரை வருமோ? எழுதித் துலையுங்கோ. வாயைத் திறக்காதேங்கோ."

லண்டன் திரும்பிய பன்னிரண்டாம் நாள் கடிதம் வந்தது. மேன்முறையீடு வெற்றி. என்னுடைய நூற்று முப்பது பக்கங்களுக்கு ஒரு நன்றியும் கிடைக்கவில்லை. எல்லாம் சேவலுக்குப் போனது. ஹவுன்ஸ்லோ முதல் எட்மண்டன் வரை போன வீடுகளில் எல்லாம் அவன் அந்தக் கதையைச் சொன்னான். ஒவ்வொரு வீட்டிலும் சேவல் கொஞ்சம் பெருத்தது. கிறிஸ்துமஸ் அளவில் அது மடாலயத்தில் விடியற்காலைப் பூசைக்கு மணி அடிப்பதற்கு முன் கூவத் தொடங்கியிருந்தது.

ஜனவரியில் அவனுடைய மனைவியும் மகளும் வந்து இறங்கினார்கள். ஞாயிறு மதியம் எங்கள் வீட்டில் சாப்பாடு. மகளுக்குப் பதினேழு வயது. முதல் நாள்தான் ஹவுன்ஸ்லோவில் அவன் எடுத்திருந்த இரண்டு அறைகளைப் பார்த்திருந்தாள். தோட்டம் இருக்க வேண்டிய இடத்தில் குப்பைத் தொட்டிகள் நின்றதையும், அலுமாரியில் தொங்கிய தட்டடுக்கும் வேலையின் மேலங்கியையும் பார்த்திருந்தாள். அன்று முழுவதும் தகப்பனோடு பேசவில்லையாம். எங்கள் மேசையிலும் தலை குனிந்தபடியே இருந்தாள். மைத்துனன் விடவில்லை, சேவலைத் தொடங்கினான்.

"தோட்டம் எண்டியள்," என்றாள் மகள் தலை நிமிராமல். "சூப்பவைசர் எண்டியள். இப்ப சேவலோ?"

அவனுடைய மனைவி சோற்றைப் பிசைவதை நிறுத்தினாள்.

"இது உண்மை, பிள்ளை. தோட்டம்... அது வேறை. இது உண்மை." பணப்பையைத் திறந்து கறுப்பு இறகை எடுத்து மேசையில் வைத்தான்.

"இறகு எங்கையும் எடுக்கலாம் அப்பா."

"அத்தான், டயறியை எடுங்கோ. உவளுக்கு வாசிச்சுக் காட்டுங்கோ. அத்தான்ரை டயறியைக் கோர்ட்டே நம்பினது."

அவன் வாழ்நாளில் சொன்ன கதைகளில் இது ஒன்றைத்தான் அவன் முழுதாக நம்பிச் சொன்னான். என் மனைவியைப் பார்த்தேன். அவள் என் தட்டில் இன்னொரு வடையை வைத்தாள். அதுதான் அவள் தந்த உதவி. எழுந்துபோய்த் தொண்ணூற்றெட்டை எடுத்துவந்தேன். பக்கம் உடனே கிடைத்தது, ஒழுங்காக எழுதுவதன் தண்டனை அது. *பகல் 1.50. சேவல் நன்றாக வெந்திருந்தது, உப்புப் போதாது. இரண்டு துண்டு. அது தம்பியின் சேவல் என்று பிறகு அறிந்தேன். அவனுக்குச் சொல்லவில்லை.*

கண்ணாடியைத் துடைத்தேன். பிறகு வாசித்தேன்:

"காலை பத்து ஐம்பது. தம்பி ஒரு சேவல் வாங்கினான். சிவப்பு உடம்பு, கறுப்பு வால். அதைக் கோயில் வீதியில் விட்டார்கள். அது... மதிலோரமாக நடந்து போனது."

பதினாறு வருடத்தில் என் நாட்குறிப்பிலிருந்து வந்த முதல் பொய். அதைக்கூட என்னால் ஒழுங்காகச் சொல்ல முடியவில்லை. நிமிர்ந்தபோதுதான் மகளின் கதிரை வெறுமையாக இருப்பதைக் கண்டேன். தண்ணீர்ச் சாடியோடு என் தோளுக்குப் பின்னால் நின்றாள். என் கையெழுத்து அச்சுப் போல இருக்கும், எவரும் வாசிக்கலாம். கிளாஸில் விழுந்துகொண்டிருந்த தண்ணீர் நின்றது. புத்தகத்தை மூடுவதா வேண்டாமா என்று நான் யோசித்து முடிப்பதற்குள் அவள் வாசித்து முடித்துவிட்டாள்.

தகப்பனைப் பார்த்தாள். அவன் இறகை விரலால் நேராக்கிக்கொண்டிருந்தான்.

"ஓம் அப்பா," என்றாள். "இஞ்சை எழுதிக் கிடக்கு. மதிலோரமா நடந்து போச்சாம்."

"நான் சொன்னனான்தானே!" மேசையில் அடித்தான். கண்ணைத் துடைத்துக்கொண்டு சோற்றை அள்ளினான். "இவையளை ஒருக்கா அங்கை கூட்டிக்கொண்டு போகவேணும் அத்தான். ஒரு சேவல் எத்தினை வருசம் உசிரோடை இருக்கும்?"

"பராமரிப்பைப் பொறுத்தது," என்றேன்.

மகள் சாடியை வைத்துவிட்டு அவசரமாகக் குசினிக்குள் போனாள். என் மனைவியும் பின்னால் போனாள். கதவுக்கு அப்பால் இருவரும் குசுகுசுப்பதும், வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பதும் கேட்டது. என்னை நினைத்துத்தான் சிரித்தார்கள்.