போடிமெட்டு ஜீப்பில் ஒரு மரணப் பந்தயம்

தோற்றவர் காரோடு வெடித்துச் சாகும் பந்தயத்தைப் பற்றிய தொடர் அது. பந்தயத்தை அரசாங்கமே நடத்துகிறது; சாவுக்கும் சாவுக்கும் நடுவில் பற்பசை விளம்பரம் வேறு. இத்தனை கொடூரத்தை இத்தனை சிரிப்போடு எழுதியவன் மேல் எனக்குப் பொறாமைதான்.

ஏலக்காய்த் தோட்ட வேலைக்குப் போகும் பெண்களோடு போடிமெட்டு ஜீப்பில் நெருக்கியடித்து உட்கார்ந்து, செல்போனில் அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பக்கத்திலிருந்த அக்காவும் எட்டிப் பார்த்தார். திரையில் பள்ளத்தின் ஓரமாகக் கார் சீறியதும், "மெதுவாப் போடா, எடுபட்ட பயலே!" என்று செல்போனைப் பார்த்துக் கத்தினார். மற்றவர்களும் சேர்ந்து கத்தினார்கள். எங்கள் ஜீப் அப்போது கொண்டை ஊசி வளைவில் இன்னொரு ஜீப்பை முந்திக்கொண்டிருந்ததை ஒருவரும் கவனிக்கவில்லை.

திரையில் கார் வெடித்தது. எங்கள் ஓட்டுநர் முழுசாகப் பின்னால் திரும்பி, ஆவலோடு கேட்டார்: "அக்கா, செத்தது யாரு?"